ஒரு சாண் சங்கிலியும் தொண்ணூறு மதிப்பெண்ணும்

ரவூஃபின் அணி வட ஆப்பிரிக்கத் தகுதிச் சுற்றில் முதலிடம் பெற்றது ஒரு செவ்வாய்க்கிழமை. அது எவ்வளவு பெரிய குற்றம் என்று அவனுக்குப் புரிய மூன்று மாதம் ஆனது.

ஷுப்ரா வட்டாரத்தில் மருந்துக்கடைக்கு மேல்மாடியில் இருக்கும் இன்டர்நெட் கடையில் உட்கார்ந்துதான் அவர்கள் ஜெயித்தார்கள். ஐந்து நாற்காலிகள், அதில் ஒன்றுக்கு முதுகு கிடையாது. முதுகில்லாத நாற்காலி ரவூஃபுடையது, ஏனென்றால் அவன் எப்படியும் முன்னால் குனிந்துதான் ஆடுவான். விளையாட்டு எல்லோருக்கும் தெரிந்ததுதான்: இந்தப் பக்கம் ஐந்து பேர், அந்தப் பக்கம் ஐந்து பேர், ஒரு கூட்டம் குண்டு வைக்கப் பார்க்கும், மறு கூட்டம் தடுக்கும், முதலில் பதின்மூன்று சுற்று எடுப்பவர் வென்றவர். ஒரு தோட்டா தலையில் பட்டால் கதை முடிந்தது.

ரவூஃபின் கை அப்படியொன்றும் வேகமான கை இல்லை. பகலில் செல்போன் பழுது பார்க்கிற கை அது, நிதானமானது. அவன் ஆட்டம் காதிலும் தலையிலும் இருந்தது. காலடிச் சத்தத்தைக் கேட்டே எதிராளி எந்த மூலையைச் சுற்றி வருவான், எத்தனை நொடியில் வருவான் என்று சொல்லிவிடுவான். துப்பாக்கியின் குறியை அந்த மூலையில், தலை வரும் உயரத்தில், முன்கூட்டியே வைத்துக்கொண்டு காத்திருப்பான். ஆள் வந்தால் மவுஸை நகர்த்தக்கூட வேண்டாம், அழுத்தினால் போதும். வேகமான கை அவனுடைய நண்பன் பீஷோயுடையது. பீஷோய் தினமும் ஆட்டத்துக்கு முன்னால் இருபது நிமிடம் குறிப்பயிற்சி மென்பொருளில் உட்காருவான். சாம்பல் நிறச் சுவர், அதன் முன்னால் நீலப் பந்துகள், ஒன்றைச் சுட்டால் இன்னொன்று வேறிடத்தில் முளைக்கும், அறுபது நொடி. "இது கைச் சோம்பலை எடுக்கும். அதுக்கு மேல ஒண்ணுமில்ல, பல்லு தேய்க்கிற மாதிரி" என்பான்.

இறுதிப் போட்டி துனிஸில். அமைப்பாளர்கள் வாழ்த்துச் சொல்லி எழுதிய கடிதத்தின் கடைசியில் ஒரே ஒரு வரி இருந்தது: ஆட்டக்காரர் பட்டியலை நாட்டின் உரிய வாரியம் உறுதிசெய்து எட்டு வாரத்துக்குள் அனுப்ப வேண்டும். அதாவது ஒரு தாள், அதன் மேல் அரசின் கழுகு முத்திரை.

உரிய வாரியம் என்று ஒன்று இருந்தது. துக்கி வட்டாரத்தில் நான்காம் மாடியில், மின்விளையாட்டுத் துல்லிய வாரியம். லிஃப்ட் ஓடவில்லை. ஆனால் லிஃப்ட் இயக்குபவர் இருந்தார், கீழே ஸ்டூலில் உட்கார்ந்து படிக்கட்டு எந்தப் பக்கம் என்று காட்டினார்.

தலைவர் டாக்டர் மித்ஹத் மீன் வளர்ப்பில் முனைவர் பட்டம் பெற்றவர். ரவூஃபையும் பீஷோயையும் உட்காரச் சொல்லி, தேநீர் வரவழைத்து, அவர்கள் வென்ற செய்தியை ஒரு துக்கச் செய்தியைக் கேட்கிற முகத்தோடு கேட்டார். பிறகு பேசினார்.

"ஜெயிச்சீங்க, சந்தோஷம். ஆனா வெற்றிங்கிறது என்ன தம்பி? ஒரு அபிப்பிராயம். இன்னைக்கு நீ ஜெயிப்பே, நாளைக்கு அவன் ஜெயிப்பான். அதை ஃபைல்ல வைக்க முடியுமா? துல்லியம்னா அது ஒரு எண். எண்ணை ஃபைல்ல வைக்கலாம், மந்திரிக்கு அனுப்பலாம், போன வருஷத்தோட ஒப்பிடலாம். இந்த நாட்டுல நாலாயிரம் வருஷமா எதை நம்பினோம்? அளவை. அளக்காம கட்டியிருந்தா பிரமிடு நிக்குமா?"

பிரமிடு கட்டியவர்களிடம் சான்றிதழ் இருந்ததா என்று பீஷோய் கேட்க வாயெடுத்தான். ரவூஃப் அவன் காலை மிதித்தான்.

விதி எளிமையானது. வாரியத்தின் குறித்தேர்வில் நூற்றுக்குத் தொண்ணூறு எடுத்துத் துல்லியச் சான்றிதழ் பெற்றவர் மட்டுமே நாட்டின் பெயரில் ஆடலாம். தேர்வு, பீஷோய் தினமும் பல் தேய்ப்பது போலச் செய்கிற அதே பந்துச் சுடுதல்தான். அந்த மென்பொருளை வாரியம் நாற்பது பிரதி வாங்கியிருந்தது. கணினி ஒன்று இருந்தது.

தேர்வறைக்குப் பொறுப்பாளர் உஸ்தாத் லுத்ஃபி. ஐம்பத்தெட்டு வயது, ஓய்வுபெற இரண்டு வருடம் பாக்கி. கணினி, மேசை, நாற்காலி, சுவர்க் கடிகாரம் எல்லாமே அவர் பெயரில் பதிவேட்டில் ஏறியவை. அரசு அலுவலகத்தில் ஒரு பொருள் உங்கள் பெயரில் ஏறிவிட்டால் அது தொலைந்தாலும் உடைந்தாலும் உங்கள் ஓய்வூதியத்தில்தான் கைவைப்பார்கள். இதற்கு முன்னால் வேறொரு துறையில், துளையிடும் கருவி ஒன்று காணாமல் போய் உஸ்தாத் லுத்ஃபி மூன்று விசாரணைகளைப் பார்த்தவர். ஆகவே மவுஸைச் சங்கிலி போட்டு மேசைக் காலில் பூட்டியிருந்தார். மேசைக்கு மேலே வரும் சங்கிலி ஒரு சாண் நீளம்.

மேசை கனமான அரசு மேசை. மேலே கண்ணாடி, கண்ணாடிக்கு அடியில் அவர் பேரப்பிள்ளைகளின் படங்கள், தொலைபேசி எண்கள், பழைய காலண்டர். கண்ணாடி மேல் மவுஸ் ஓடாது. மவுஸுக்கு அடியில் போடும் விரிப்பு கொள்முதல் பட்டியலில் இல்லாததால், அதற்குப் பதிலாக வாரியத்தின் பதினான்காம் சுற்றறிக்கையை விரித்திருந்தார். அதன் தலைப்பு, இளைஞர்களுக்குச் சர்வதேசத் தரத்தில் வசதிகள்.

"உஸ்தாத், இந்தச் சங்கிலி பத்தாதே" என்றான் ரவூஃப். "கையை இந்தப் பக்கம் கொண்டுவந்தா இழுக்குது."

"இடது பக்கம் வர்ற பந்தை விட்டுடு தம்பி. வலது பக்கமே நிறைய வருது."

பீஷோய் தன் பையிலிருந்து சொந்த மவுஸை எடுத்தான். மூன்று வருடம் அவன் உள்ளங்கையில் பழகியது, இரண்டு ஓரத்திலும் பெருவிரலுக்கும் சுண்டுவிரலுக்கும் கறுப்பு நாடா ஒட்டியது. உஸ்தாத் லுத்ஃபியின் முகம் வெளுத்தது. தனியார் பொருளைத் தேர்வறைக்குள் கொண்டுவர அனுமதிச் சீட்டு வேண்டும், சீட்டில்லாமல் உள்ளே வந்த பொருள் வெளியே போக முடியாது, வெளியே போனால் வாரியத்தின் மவுஸ்தான் திருட்டுப் போகிறது என்று வாசல் காவலர் எழுதிவிடுவார். அரைமணி நேரம் வாதாடிப் பார்த்தார்கள். முடிவில் முத்திரைப் பொறுப்பாளர் மதாம் இன்ஸாஃப் வரவழைக்கப்பட்டு, பீஷோயின் மவுஸ் பதிவேட்டில் எண்பத்தேழாம் பொருளாக ஏறியது. ஏறிய பிறகு அதற்கும் ஒரு சங்கிலி தேவைப்பட்டது.

ரவூஃப் அறுபத்தொன்று எடுத்தான். பீஷோய் எழுபது எடுத்து, இனி இந்தப் படிக்கட்டில் ஏறினால் என் பெயர் பீஷோய் இல்லை என்று சொல்லிவிட்டுப் போனான். மற்ற மூவரும் ஆளுக்கொரு முறை வந்து, ஆளுக்கொரு காரணத்தால் தோற்று, வேலையைப் பார்க்கப் போனார்கள். அணித்தலைவன் சான்றிதழ் பெற்றால் அணிக்குச் சலுகை காட்ட விதி எட்டில் இடமுண்டு என்று மதாம் இன்ஸாஃப் ரவூஃபின் காதில் சொல்லியிருந்தார். ஆகவே அவன் மட்டும் ஏறினான்.

மறுதேர்வுக்கு வாரியத்திலேயே பயிற்சி எடுத்திருக்க வேண்டும். பயிற்சி நேரம் ஒன்பதிலிருந்து இரண்டு. ஒன்பதரைக்கு உஸ்தாத் லுத்ஃபி வருவார். பத்துக்கு அவருடைய, அவித்த மொச்சை வைத்த ஃபூல் சாண்ட்விச். அதற்கப்புறம் எண்ணெய்க் கையோடு மவுஸைத் தொடக்கூடாது என்று கை கழுவப் போவார், கழிவறை இரண்டாம் மாடியில். பிறகு தேநீர், தொழுகை, கையெழுத்து வாங்கப் போகும் நேரம். தேர்வறைப் பூட்டு திறந்திருக்கும் நேரத்தைக் கூட்டிப் பார்த்தால் நாளைக்கு நாற்பது நிமிடம். செல்போன் கடை முதலாளியிடம் ரவூஃப் காலை நேரங்களை மன்றாடிக் கேட்டு வாங்கியிருந்தான். ஒருநாள் அவர், "துனிஸுக்குப் போறியா, துக்கிக்குக் குடி போறியா?" என்று கேட்டார்.

இரண்டாம் முறை எழுபத்து நான்கு. அந்த வாரம் புதுச் சுற்றறிக்கை வந்தது. மவுஸை இவ்வளவு நகர்த்தினால் திரையில் இவ்வளவு திரும்ப வேண்டும் என்ற அளவை ஒவ்வொரு ஆட்டக்காரரும் தன் கைக்கேற்ப வைத்துக்கொள்வார். இது சமத்துவத்துக்கு எதிரானது என்று வாரியம் கண்டுபிடித்தது. இனி நாடு முழுவதற்கும் ஒரே அளவு, டாக்டர் மித்ஹதின் அளவு. அவர் கணினியில் கடிதம் மட்டும் திறந்து பார்ப்பவர். ரவூஃப் விரலை ஒரு நெல்லளவு அசைத்தால் திரை பம்பரமாகச் சுற்றி அவனுக்கே முதுகைக் காட்டியது.

ஒருநாள் அவன் தாங்க முடியாமல் தலைவரிடமே கேட்டான். இங்கே யாராவது அந்த விளையாட்டை ஆடுகிறார்களா, அதைக் கணினியில் ஏற்றினால் ஆடிக் காட்டுகிறேன், தகுதிச் சுற்றை எப்படி ஜெயித்தோம் என்று.

டாக்டர் மித்ஹத் கதவைச் சாத்தச் சொன்னார். "அதுல துப்பாக்கி இருக்கு தம்பி. சட்டத் துறைக்கு எழுதிக் கேட்டோம். ஆயுதம் வர்ற விளையாட்டை அரசுக் கணினியில ஏத்த முடியாதுன்னுட்டாங்க. பந்துக்கு ஆட்சேபம் இல்ல. பந்து யாரையும் திருப்பிச் சுடாது பாரு, அதுதான் அதோட அழகு. எதிராளி இருந்தா துல்லியம் கெட்டுப்போகும்."

மூன்றாம் முறை எண்பத்திரண்டு. பட்டியல் அனுப்ப மூன்று நாள் இருந்தது.

கடைசி வியாழக்கிழமை காலை டாக்டர் மித்ஹத் தேர்வறைக்கு நேரில் வந்தார். பட்டியல் அனுப்பாவிட்டால் நாட்டுக்கு அவமானம், அனுப்பச் சான்றிதழ் பெற்ற ஐந்து பேர் வேண்டும். நாட்டில் யாரெல்லாம் தொண்ணூறு தாண்டியிருக்கிறார்கள் என்று மென்பொருளைப் பார்த்துச் சொல்லும்படி கேட்டார். உஸ்தாத் லுத்ஃபி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். பார்த்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றி மறுபடி துடைத்தார்.

ரவூஃப் எட்டிப் பார்த்தான். முதலிடம், தொண்ணூற்றேழு: லுத்ஃபி.

மவுஸ் வேலை செய்கிறதா என்று காலையும் மாலையும் சோதித்துப் பதிவேட்டில் கையெழுத்திடுவது பொறுப்பாளரின் கடமை. இரண்டு வருடமாக அவர் ஒருநாள்கூடத் தவறவில்லை. சங்கிலி எவ்வளவு தூரம் போகும் என்று அவர் மணிக்கட்டுக்குத் தெரியும். இரண்டாமிடம் மதாம் இன்ஸாஃப், தலைவரின் கையெழுத்துக்காகக் காத்திருந்த நேரங்களில் பழகியவர். மூன்றாவது தேநீர் போடுகிறவர். நான்காவது லிஃப்ட் இயக்குபவர், அவருக்கு நேரத்துக்குப் பஞ்சமே இல்லை. ஐந்தாவது டாக்டர் மித்ஹத் தாமே, மென்பொருளில் ஏறாத, வாரியத் தொடக்க விழாவில் கௌரவமாக வழங்கப்பட்ட நூறு.

"உஸ்தாத்" என்றான் ரவூஃப் மெதுவாக, "நீங்க அந்த விளையாட்டைப் பார்த்ததாவது உண்டா?"

"நான் போகலன்னா மவுஸ் போக முடியாதே தம்பி" என்றார் அவர். குரலில் பெருமை இல்லை, பயம்தான் இருந்தது. "என் பேர்ல இருக்கே."

ஐந்து பெயர்களோடு பட்டியல் போனது. மதாம் இன்ஸாஃப் தன் பெயரின் மேலேயே கழுகு முத்திரையைக் குத்தினார். விதி எட்டைப் பற்றி ரவூஃப் கேட்டபோது, அது எண்பத்தைந்துக்கு மேல் எடுத்தவர்களுக்கு என்றார்.

போட்டியன்று ஷுப்ரா கடையில் ரவூஃபின் அணி ஐந்து பேரும் ஒரே திரை முன்னால் உட்கார்ந்தார்கள். கேமரா துனிஸ் மேடையைக் காட்டியது. மொரோக்கோ அணிக்கு மொத்த வயது நூறு இருக்கும், இந்தப் பக்கம் மதாம் இன்ஸாஃபும் டாக்டர் மித்ஹதும் சேர்ந்தாலே அது தாண்டிவிடும். உஸ்தாத் லுத்ஃபி கோட் போட்டிருந்தார். சங்கிலியை மேசையில் பூட்டி இரண்டு முறை இழுத்துப் பார்த்தார்.

"டேய், அது என் மவுஸ்டா" என்றான் பீஷோய். கறுப்பு நாடா தெளிவாகத் தெரிந்தது.

ஆட்டம் தொடங்கியது. உஸ்தாத் லுத்ஃபியின் ஆள் நேராக நடந்து, ஒரு சாம்பல் நிறச் சுவரைத் தேடிக் கண்டுபிடித்து, அதன் முன்னால் நின்றார். சுவரையே பார்த்தார். முதுகுப் பக்கமிருந்து யாரோ வந்து சுட்டார்கள். அடுத்த சுற்றிலும் அதே சுவர். மதாம் இன்ஸாஃபும் அவர் பக்கத்தில் போய் நின்றார், பழக்கமான இடம் போல. லிஃப்ட் இயக்குபவர் ஒரு வாசலில் நின்று வருகிறவர்களுக்கு வழிவிட்டார். டாக்டர் மித்ஹத் திரும்பிப் பார்க்க நினைத்து விரலை அசைத்தார், அவருடைய ஆள் பம்பரமாகச் சுற்றிக்கொண்டே இருந்தார், பதின்மூன்று சுற்றும்.

கடையில் முதல் நான்கு சுற்று சிரித்தார்கள். அப்புறம் யாரும் சிரிக்கவில்லை.

ஒன்பதாம் சுற்றில் மொரோக்கோக்காரன் ஒருவன் விளையாட்டுக்காக உஸ்தாத் லுத்ஃபியின் சுவர் முன்னால் வந்து குதித்துக் காட்டினான். பந்து போலக் குதித்தான். ஒரே தோட்டா, நெற்றியில். பதின்மூன்று சுற்றிலும் வாரியத்தின் அணி சுட்டது அந்த ஒன்றுதான்.

திரும்பி வந்ததும் டாக்டர் மித்ஹத் நிருபர்களைக் கூட்டினார். "பதின்மூணுக்குப் பூஜ்யம்னு சிலர் எழுதறாங்க. அது ஒரு கோணம். நாங்க அமைப்பாளர்கள் கிட்டேயிருந்தே புள்ளிவிவரம் வாங்கியிருக்கோம். மொரோக்கோ சுட்டதுல நூத்துக்கு முப்பத்தொண்ணுதான் பட்டிருக்கு. மத்ததெல்லாம் சுவத்துல. நாம சுட்டதுல நூத்துக்கு நூறு. போட்டியிலேயே அதிகத் துல்லியம் நம்ம நாடுதான். அவங்க ஒளிஞ்சு நின்னாங்க, நாம ஒளியல. இதுக்கு மேல நான் என்ன சொல்றது?"

அவருக்கு அரபு நாடுகளின் துல்லியக் கூட்டுக்குழுவில் இடம் கிடைத்தது. ஆனால் பதின்மூன்றுக்குப் பூஜ்யம் என்று ஒரு செய்தி இருக்கும்போது அதற்கு ஒரு பொறுப்பாளியும் இருந்தாக வேண்டும். விசாரணைக் குழு அமைத்தார்கள். வாரியம் துனிஸுக்குப் போனது ஏன்? பட்டியல் கேட்டதால். பட்டியல் கேட்டது ஏன்? தகுதிச் சுற்றில் வென்றதால். வென்றது யார்? சான்றிதழ் இல்லாத ஐந்து பேர்.

ரவூஃபுக்கு அழைப்பாணை வந்தது. குழு அவனிடம் கேட்ட ஒரே கேள்வி, ஆடத் தகுதி இல்லை என்று தெரிந்தும் ஏன் ஜெயித்தாய் என்பது. அவன் யோசித்தான். தகுதி இல்லையென்று அப்போது தெரியாது என்றான். அதைக் குற்ற ஒப்புதல் என்று எழுதிக்கொண்டார்கள். தீர்ப்பை எழுதும்வரை தினமும் வாரியத்துக்கு வந்து பயிற்சி எடுத்தால் நன்னடத்தையாகக் கொள்ளப்படும் என்றார்கள். அடுத்த வருடப் போட்டியாவது மிஞ்சட்டும் என்று அவன் ஒப்புக்கொண்டான்.

முதல் நாள் உஸ்தாத் லுத்ஃபி பூட்டைத் திறந்துவிட்டுப் போகாமல் நின்றார்.

"அந்தப் பையனுங்க பின்னாலேருந்து வர்றது எனக்கு எப்படித் தெரியும்? நீ இருந்தா எப்படிக் கண்டுபிடிப்பே?"

"சத்தம் கேக்கும் உஸ்தாத். காலடிச் சத்தம். ஹெட்போன்ல."

"ஹெட்போன் இருக்கு. மூணாம் மாடியில, வேற ஒருத்தர் பேர்ல. சீல் பிரிக்கல" என்றார். கொஞ்ச நேரம் பேரப்பிள்ளைகளின் படங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார். "நூத்துக்கு நூறுன்னு சொல்றாங்க. என் பேத்தி மட்டும், தாத்தா ஏன் சுவத்தைப் பார்த்துட்டு நின்னீங்கன்னு கேக்குறா."

பிறகு, தன் அதிகாரத்துக்கு உட்பட்டு, சங்கிலியை ஒரு கண்ணி தளர்த்திவிட்டார்.

நாற்பது நாள் ரவூஃப் பந்து சுட்டான். பம்பரத் திரைக்கு விரல் பழகியது. இடது பக்கப் பந்துகளை விட்டுவிடப் பழகினான். சந்தேகமான பந்தைச் சுடாமல் இருந்தால் எண் கெடாது என்று கற்றுக்கொண்டான். கடையில் நண்பர்கள் கூப்பிட்டபோது, கை கலைந்துவிடும் என்று போகவில்லை. நாற்பத்தோராம் நாள் தொண்ணூற்றொன்று வந்தது. உஸ்தாத் லுத்ஃபி எழுந்து கை கொடுத்தார்.

மதாம் இன்ஸாஃப் இரண்டு தாள்களை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்திருந்தார். முதல் தாள் துல்லியச் சான்றிதழ், ஓராண்டு செல்லும். இரண்டாம் தாள் விசாரணைத் தீர்ப்பு, ஓராண்டு எந்தப் போட்டியிலும் ஆடத் தடை. இரண்டும் அன்றைய தேதியில் தொடங்கின. கழுகை மையில் ஒரே முறை தோய்த்து இரண்டிலும் குத்தினார்.

"மை காய்ற வரைக்கும் மடிக்காதே தம்பி" என்றார்.

ரவூஃப் இரண்டு தாள்களையும் விரித்துப் பிடித்தபடியே ஷுப்ரா வரை வந்து கடைக்குள் ஏறினான். நண்பர்கள் முதுகில்லாத நாற்காலியை இழுத்துப் போட்டார்கள். யாரோ முகம் தெரியாத ஐந்து பேருக்கு எதிராக, எந்தப் பட்டியலிலும் சேராத ஒரு சும்மா ஆட்டம். நான்குக்குப் பதின்மூன்று என்று தோற்றார்கள். அந்தக் கடையில் அவர்கள் அப்படித் தோற்றதே இல்லை.

பீஷோய் ஆட்டக் கணக்கைத் திறந்து பார்த்தான். ஐந்து பேரில் அதிகத் துல்லியம் ரவூஃபுடையது. பதினேழு சுற்றில் ஆறு தோட்டா சுட்டிருந்தான், ஆறும் பட்டிருந்தது.

"நீ எங்கடா பார்த்துட்டு நின்னே? மூணு தடவை கத்துனேன், பின்னால வர்றான்னு. உனக்கே தெரிஞ்சிருக்கணும், நீதானே எங்களுக்குச் சொல்லுவே."

ரவூஃப் தான் நின்ற இடத்தை நினைத்துப் பார்த்தான். ஹெட்போன் கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது, காதில் மாட்ட மறந்திருந்தான். "வரும்னு நின்னேன்" என்றான்.

"என்ன வரும்?"

ரவூஃப் விரலால் காற்றில் ஒரு சின்னப் பந்து வரைந்தான். பீஷோய் மேசை மேல் கிடந்த சான்றிதழை எடுத்தான், கழுகைப் பார்த்தான், கணினிக்குப் பின்னாலிருந்த சாம்பல் நிறச் சுவரைப் பார்த்தான்.

"ஒரு ஆணி அடிச்சு இதை அங்க மாட்டிடு" என்றான். "அதுக்கு முன்னால போய் நில்லு."